மார்கழி மாதத்துக் கிண்ணங்கள்

அவனுடைய அப்பாவும் அம்மாவும் டிசெம்பரில் எங்கள் வீட்டுக்கு வருகிறார்கள் என்று மகள் சொன்னபோது, நான் முதலில் கேட்டது எந்த நாள் என்றுதான். 'அவன்' என்பது மகள் கலியாணம் கட்ட நினைத்திருந்த அமெரிக்கப் பெடியன். இருவரும் ஒரே அலுவலகத்தில் வேலை செய்து பழகியவர்கள். ஒரு வருடத்துக்கு மேலாக அவன் ரொறன்ரோவில் ரூஜ் பக்கம் இருக்கும் எங்கள் வீட்டுக்கு வந்து போய்க்கொண்டிருந்தான். முதல் நாள் இடியப்பத்தை முள்ளுக்கரண்டியால் சுற்றி எடுக்கப் பார்த்தவன், இப்போது கையால் குழைத்துச் சாப்பிட்டுவிட்டு, தேங்காய்ப்பால் சொதி காணாது, இன்னும் விடுங்கோ என்று சொல்கிற அளவுக்கு வந்திருந்தான். அவனில் எங்களுக்கு ஒரு குறையும் இல்லை. பெற்றோரைத்தான் இன்னும் காணவில்லை. அவர்கள் எல்லைக்கு அந்தப் பக்கம், ஐந்து மணித்தியாலக் கார் ஓட்டத்தில் இருந்தார்கள்.

"நாள் இன்னும் தெரியாதம்மா," என்றாள் மகள். "டிசெம்பர் முதல் சண்டேதான் தெரியும்."

"ஏன், லீவு கிடைக்கேல்லையோ?"

"லீவு இருக்கு. அவையின்ர டீமுக்கு எந்த போல் எண்டு அண்டைக்குத்தான் சொல்லுவினம்."

சோபாவில் சாய்ந்திருந்த என் மனுசன் தலையைத் தூக்கினார்.

"எது போல?"

"போல், அப்பா. புட்போல் போல்."

"புட்போல் போல எண்டால்? புட்போல் இல்லை, ஆனால் பாத்தால் புட்போல் மாதிரி இருக்குமோ?"

"கிண்ணம் அப்பா. சூப் குடிக்கிற போல்."

அவர் என்னைப் பார்த்தார். நான் அவரைப் பார்த்தேன். சூப் குடிக்கிற கிண்ணத்துக்காக ஒரு குடும்பம் பெண் பார்க்க வருகிற நாளைத் தள்ளி வைக்கிறது என்பது எங்கள் இரு பக்க உறவிலும் கேள்விப்படாத சங்கதி.

மகள் பொறுமையாக இருந்து விளக்கினாள். அமெரிக்காவில் பல்கலைக்கழகங்களுக்குப் புட்போல் அணிகள் உண்டு. காலால் உதைக்கிற எங்கள் புட்போல் அல்ல. தலைக்கவசம் போட்டுக்கொண்டு, முட்டை வடிவப் பந்தைக் கட்டிப்பிடித்தபடி ஓடுகிறது. இலையுதிர் காலத்தில் ஒவ்வொரு அணிக்கும் பன்னிரண்டு ஆட்டம். அதில் ஆறு வென்றால், வருட முடிவில் ஏதாவது ஒரு 'போல்' ஆட்டத்துக்கு அழைப்பு வரும். அவனுடைய அப்பா, அம்மா, அவன் மூவரும் ஒரே பல்கலைக்கழகத்தில் படித்தவர்கள். அந்த அணி அதுவரை ஐந்து வென்று ஆறு தோற்றிருந்தது. ஒரு ஆட்டம் மிச்சம்.

"வெண்டால் போல். தோத்தால் ஒண்டும் இல்லை. டிசெம்பர் தொடக்கத்திலயே வந்திடுவினம்," என்றாள்.

அந்தக் கணத்திலிருந்து நான் அவர்களுடைய அணி தோற்க வேண்டும் என்று விரும்பத் தொடங்கினேன். எனக்கு அவர்களில் கோபம் ஒன்றும் இல்லை. டிசெம்பர் நடுப்பகுதியில் மார்கழி பிறந்துவிடும். மார்கழியில் எங்கள் வீடுகளில் கலியாணம் பேசுவதில்லை. அதற்கு முதல் வந்தால் கதைத்து முற்றாக்கிவிடலாம். கடைசி ஆட்டத்தை நான் போனில் பார்த்தேன். யார் எந்தப் பக்கம் ஓடுகிறார்கள் என்றே விளங்கவில்லை. ஆனாலும் முடிகிற நேரத்தில் ஒரு மெலிந்த பெடியன் ஓடி வந்து பந்தை உதைத்தான். அது இரண்டு கம்பத்துக்கும் நடுவே போனது. அவர்கள் வென்றுவிட்டார்கள். மகள் மேல்மாடியிலிருந்து கூவியது கேட்டது. நான் போனைக் கவிழ்த்து வைத்தேன்.

டிசெம்பர் முதல் ஞாயிறு அறிவித்தல் வந்தது. தென்பக்க மாநிலம் ஒன்றில், நத்தாருக்கு, அதாவது கிறிஸ்மசுக்கு, அடுத்த சனிக்கிழமை பகலில் ஆட்டம். அவர்கள் லீவையும் அந்த வாரத்துக்கே மாற்றிக்கொண்டார்கள். அவ்வளவு தூரம் பறந்து போகாமல், ஆட்டத்தை எங்கள் வீட்டு ரீவியில் பார்க்கலாமா, அப்படியே எங்களையும் பார்த்ததாக இருக்கும் என்று கேட்டனுப்பினார்கள். 'அப்படியே எங்களையும்' என்பதை மனுசன் இரண்டு தரம் திருப்பிச் சொன்னார்.

கோயில் ஐயருக்குப் போன் எடுத்தேன்.

"மார்கழியில முற்றாக்க வேண்டாம் பிள்ளை," என்றார். "சும்மா வந்து சாப்பிட்டுப் போறதுக்கு ஒரு தடையும் இல்லை. கலியாணக் கதை மட்டும் எடுக்காதேங்கோ."

மனுசன் அதை உடனே வீட்டுச் சட்டம் ஆக்கினார். அந்த நாள் முழுக்க கலியாணம் என்ற சொல் யாருடைய வாயிலிருந்தும் வரக்கூடாது. தமிழிலும் கூடாது, இங்கிலிசிலும் கூடாது. மகள் மறுத்துப் பார்த்தாள். அவர் அசையவில்லை. சரி என்று அவளும் தன் பங்குக்கு ஒரு பட்டியல் தந்தாள். அமெரிக்க அரசியல் கதைக்கக்கூடாது. சம்பளம் எவ்வளவு என்று கேட்கக்கூடாது. மெலிந்துவிட்டீர்கள், கொழுத்துவிட்டீர்கள் என்று யாரையும் சொல்லக்கூடாது. ஏன் ஒரு பிள்ளையோடு நிறுத்தினீர்கள் என்று கேட்கவே கூடாது.

"அப்ப என்னத்தைத்தான் கதைக்கிறது?" என்றேன்.

"வெதர்," என்றாள். "பிறகு புட்போல்."

குளிரைப் பற்றி அரை மணித்தியாலம் கதைக்கலாம். மிச்சம் ஐந்து மணித்தியாலத்துக்குப் புட்போல்தான் கைகொடுக்க வேண்டும். மனுசன் கிரிக்கெட் மனுசன். "மூண்டு செக்கண்ட் ஓடிப்போட்டு மூண்டு நிமிசம் நிண்டு கதைக்கிறதெல்லாம் ஒரு விளையாட்டே," என்று கையைக் கழுவிவிட்டார். அவர் ஒஷாவாவில் கார்ப் பாகங்கள் செய்கிற தொழிற்சாலையில் வேலை. வீட்டுக்கு வந்தால் பழைய கிரிக்கெட் ஆட்டங்களைத்தான் பார்ப்பார், அதுவும் முடிவு தெரிந்தவற்றை.

ஆகவே நான் படித்தேன். எனக்கு மல்வேர்னில் பள்ளிக்கூட பஸ் ஓட்டுகிற வேலை. காலையில் பிள்ளைகளை இறக்கிவிட்டால் மதியம் வரைக்கும் நேரம் இருக்கும். பஸ்ஸை ஒரு கரையில் நிறுத்தி, ஹீற்றரைப் போட்டு, போனைக் கண்ணாடிக்கு முன்னால் சாய்த்து வைத்து விளக்க வீடியோக்கள் பார்த்தேன். மகளின் பழைய கொப்பி ஒன்றில் குறிப்பும் எடுத்தேன். குடியுரிமைப் பரீட்சைக்குக்கூட நான் இப்படிப் படித்ததில்லை.

விளங்கிக்கொண்டது இவ்வளவுதான். ஆதியில் கலிபோர்னியாவில் புதுவருட நாளில் ஒரு ஆட்டம் தொடங்கியிருக்கிறார்கள். அது நடந்த மைதானம் கிண்ணம் மாதிரிக் குழிந்திருந்ததால் அந்தப் பெயர். அதற்கு ரோசாப்பூவின் பெயரையும் சேர்த்தார்கள். அதைப் பார்த்து மற்ற ஊர்களும், குளிர்காலத்தில் வெயில் இருக்கிற ஊர்கள்தான், தங்களுக்கும் ஒன்று வேண்டும் என்று தொடங்கின. ஒன்றுக்குத் தோடம்பழத்தின் பெயர், ஒன்றுக்குச் சீனியின் பெயர், ஒன்றுக்குப் பருத்தியின் பெயர். பிறகு கம்பனிகள் புகுந்துவிட்டன. இப்போது நாற்பது கிண்ணம் மட்டில் இருக்கிறது. வங்கி, காப்புறுதி, சோஸ், நொறுக்குத்தீனி என்று யார் பணம் கொடுக்கிறார்களோ அவர்களுடைய பெயர். ஒன்றில் வென்ற அணியின் பயிற்சியாளருக்குத் தலையில் மயோனைஸ் ஊற்றுகிறார்கள். இன்னொன்றில் பொரித்த உருளைக்கிழங்கைக் கொட்டுகிறார்கள். மயோனைஸ் வீடியோவை மனுசனுக்குக் காட்டினேன்.

"அபிசேகமெல்லோ நடக்குது," என்றார். "ஆனால் பால் அபிசேகத்துக்குப் பிறகு தண்ணி வாக்க வேணும். உவன் அப்பிடியே நிண்டு பேட்டி குடுக்கிறான்."

எனக்கு விளங்காத இடம் ஒன்று இருந்தது. நாட்டிலேயே சிறந்த பன்னிரண்டு அணிகளைத் தெரிவுசெய்து, அவர்களுக்குள் மோதவிட்டு, ஜனவரியில் ஒரு சம்பியனைக் கண்டுபிடிக்கிறார்கள். பழைய பெரிய கிண்ணங்களைக் காலிறுதி, அரையிறுதி என்று அதற்குள் அடக்கிவிட்டார்கள். அது சரி. மிச்சக் கிண்ணங்கள் எதற்கு? அவற்றில் வென்றால் அடுத்த சுற்று இல்லை. தோற்றாலும் நட்டம் இல்லை. பாதிக்குப் பாதி தோற்ற அணியையும் கூப்பிட்டு, தங்க இடம் கொடுத்து, ஆட்டக்காரர் ஒவ்வொருவருக்கும் பரிசுப் பை கொடுத்து அனுப்புகிறார்கள். இதைக் கொப்பியில் எழுதி, பக்கத்தில் கேள்விக்குறி போட்டு வைத்திருந்தேன்.

விடை ஒரு சனிக்கிழமை கிடைத்தது. மனுசனின் பழைய மாணவர் சங்கத்தின் குளிர்கால ஒன்றுகூடல் அன்று. ரொறன்ரோவில் எங்கள் ஊர்ப் பள்ளிக்கூடம் ஒவ்வொன்றுக்கும் ஒரு சங்கம். சங்கம் ஒவ்வொன்றுக்கும் ஒரு மண்டப விருந்து. மேடையில் பாதிப் பேருக்குக் கேடயம், மீதிப் பேருக்குப் பொன்னாடை. நான்காம் வகுப்போடு வேறு பள்ளிக்கூடத்துக்குப் போன ஒருவருக்கும் அன்று பொன்னாடை போர்த்தினார்கள். பின்னால் ரோல்ஸ் கடித்துக்கொண்டிருந்த எனக்குக் கேள்விக்குறி சட்டென்று அழிந்தது. இவர்களுக்கும் பழைய மாணவர் சங்கம்தான். ஆட்டம் சாட்டு. ஒரே நிறச் சட்டை போட்டுக்கொண்டு ஒன்றுகூட ஒரு காரணம் வேண்டும், அவ்வளவுதான்.

ஆட்ட நாளான சனிக்கிழமை காலை பத்தரைக்கு அவனும் பெற்றோரும் வந்து இறங்கினார்கள். அப்பா உயரமான, அமைதியான மனிதர். அம்மா என்னிலும் கட்டை. முழங்கையில் ஓட்டை விழுந்த பழைய சுவெற்றர் ஒன்று போட்டிருந்தார். பெண் வீட்டுக்கு முதன்முதல் வருகிறவர் இதையா உடுத்துவார் என்று நினைத்தேன், வெளியில் காட்டவில்லை. நாங்கள் கதைத்ததெல்லாம் ஆங்கிலத்தில். ஆனால் என் நினைவில் அது எல்லாம் எங்கள் தமிழாகவே பதிந்திருக்கிறது, அப்படியே எழுதுகிறேன்.

குளிர், பாதை, எல்லையில் நின்ற வரிசை எல்லாம் இருபது நிமிடத்தில் முடிந்துவிட்டது. நான் மனப்பாடம் செய்த வசனத்தை அப்பாவிடம் எடுத்துவிட்டேன். "ஆறுக்கு ஆறு எண்டாலும், உங்கட தடுப்பு ஆட்டம் கடைசி மாசம் நல்லாத் தேறிட்டுது."

அவர் மரியாதையாகச் சிரித்தார். "எனக்கு உது ஒண்டும் தெரியாது," என்றார். "வரேக்க கராஜில ஒரு சினோபுளோவர் கண்டனான். வேலை செய்யுதோ?"

அந்தப் பனி தள்ளும் மெசின் போன மாரியிலிருந்து ஸ்ரார்ட் எடுக்காமல் கிடந்தது. மனுசன் முகம் மலர்ந்து எழும்பினார். இரண்டு பேரும் கராஜுக்குப் போனவர்கள்தான். வரவேற்பறையில் நானும் அந்த அம்மாவும் மிஞ்சினோம். மகளும் பெடியனும் குசினியில் வடை பொரித்துக்கொண்டிருந்தார்கள். திருவெம்பாவைக் காலம், வீட்டில் மீன், இறைச்சி என்று மச்சம் ஒன்றும் இல்லை.

"நீங்கள் தடுப்பு ஆட்டத்தைப் பற்றிச் சொன்னது முழுக்கச் சரி," என்றார் அம்மா. "ஆனால் நாலு கால் மணி ஆட்டத்தில மூண்டாவது கால் மணியில அவங்கள் எப்பவும் களைச்சுப்போவாங்கள். கவனிச்சனீங்களோ?"

பரீட்சையில் ஆளை மாற்றிப் படித்துவிட்டேன் என்று அப்போதுதான் விளங்கியது. அவர் பல்கலைக்கழக வாத்தியக் குழுவில் நான்கு வருடம் டியூபா ஊதியவர். அது ஆளைச் சுற்றி வளைத்துக்கொண்டு நிற்கிற பெரிய பித்தளைக் குழல். மைதானத்தில் நடந்துகொண்டே ஊத வேண்டும். அவர் முதன்முதல் ரொறன்ரோவுக்கு வந்ததும் புட்போலுக்குத்தானாம். ஒரு காலத்தில் சில வருடம் இந்த நகரத்திலும், கூரை மூடுகிற மைதானத்துக்குள், ஒரு கிண்ண ஆட்டம் நடந்திருக்கிறது. இத்தனை வருடம் இங்கே இருக்கும் எனக்கு அது தெரியாது. கொப்பியைக் கொண்டுவந்து எழுதலாமா என்று யோசித்தேன்.

ஆட்டம் தொடங்கியது. அவர்களுடைய முதன்மை ஆட்டக்காரன், பந்தை எறிகிறவன், மைதானத்தில் இல்லை. கிண்ண ஆட்டங்களில் இது வழமையாம். நல்ல ஆட்டக்காரர் சிலர் தொழில்முறை அணிக்குப் போகும் முன் கால் கை முறியக்கூடாது என்று விலகிவிடுவார்கள். சிலர் அதற்கிடையில் வேறு பல்கலைக்கழகத்துக்கே மாறிவிடுவார்கள். இவன் மாறிவிட்டவன். அவனுக்குப் பதிலாக ஒரு முதலாம் வருடப் பெடியன் தலைக்கவசப் பட்டியைத் திரும்பத் திரும்ப இறுக்கிக்கொண்டு நின்றான். எனக்கு ஒரு உவமை தோன்றியது. தோன்றினால் சொல்லாமல் இருக்க எனக்கு ஏலாது.

"இது மாப்பிள்ளை வராத கலியாணத்தில தோழனைப் பிடிச்சு மணவறையில இருத்தின மாதிரி," என்றேன்.

குசினியில் ஏதோ தட்டு விழுந்தது. என் வாயிலிருந்து என்ன சொல் வந்தது என்று அப்போதுதான் எனக்கே கேட்டது. அம்மா சிரிக்கவில்லை. ரீவியையே பார்த்துக்கொண்டிருந்தார். அதற்குப் பிறகு நான் கேட்டதற்கெல்லாம் ஓம், இல்லை என்று மட்டும் பதில் சொன்னார்.

இடைவேளை வந்ததும் என் பக்கம் திரும்பினார்.

"ஒண்டு கேக்கிறன், கோவிக்காதேங்கோ. எங்கட மகனை உங்களுக்குப் பிடிக்கேல்லையோ?"

நான் வாய் திறக்க முதல் அவரே தொடர்ந்தார்.

"நாங்கள் அஞ்சு மணித்தியாலம் ஓடி வந்தது கலியாணத்தைப் பற்றிக் கதைக்க," என்றார். "வந்ததில இருந்து நீங்களும் அதை எடுக்கேல்லை, உங்கட அவரும் எடுக்கேல்லை. நான் எடுக்க வெளிக்கிட்டால் மகள் கதையை மாத்திறாள். கடைசியா நீங்கள் மாப்பிள்ளை வராத கலியாணம் எண்டு ஒண்டைச் சொல்லுறியள்."

வந்த வழியெல்லாம் இந்த மனுசி எத்தனை வசனங்களை மனப்பாடம் செய்துகொண்டு வந்திருப்பார் என்று நினைத்தேன். மனுசனின் சட்டத்தை அந்த இடத்திலேயே தூக்கிப் போட்டுவிட்டு எல்லாவற்றையும் சொன்னேன். இது எங்களுக்கு மார்கழி மாதம், இது கடவுளுக்கு ஒதுக்கின மாதம், இதில் கலியாணக் கதை எடுத்தால் சரிவராது என்று ஒரு பயம், தை பிறந்த அன்றே நாங்களே போன் எடுத்துக் கேட்பதாகத்தான் இருந்தோம், உங்கள் மகன் எங்களுக்குப் பிள்ளை மாதிரி. என் ஆங்கிலத்தில் அது எந்த வடிவத்தில் போய்ச் சேர்ந்ததோ தெரியாது.

அவர் கேட்டு முடிந்ததும் கையை நீட்டி முழங்கை ஓட்டையைக் காட்டினார்.

"இது இருபத்திரண்டு வருசச் சுவெற்றர். ஆட்ட நாளில இதைத்தான் போடுவன். சீசன் முடியும் வரைக்கும் தோய்க்க மாட்டன். தோய்ச்ச வருசம் பத்து ஆட்டம் தோத்தம்." பிறகு என் காதுக்குக் கிட்ட வந்து சொன்னார். "எங்கட வீட்டில ஆட்ட மணிக்கூடு பூச்சியத்துக்கு வரும் வரைக்கும் வெண்டிட்டம் எண்டு ஒருத்தரும் சொல்லக்கூடாது. எங்கட அவர் ஒருக்காச் சொல்லிப்போட்டு அதுக்குப் பிறகு ஆட்டம் பாக்கிறதையே விட்டிட்டார். நான் விடச் சொன்னனான். நீங்கள் மாதம் எண்டு சொல்லியிருந்தால் எனக்கு உடன விளங்கியிருக்கும்."

அதற்குப் பிறகு நாங்கள் இரண்டு பேரும் ஒரே சோபாவில், ஒரே போர்வைக்குள் இருந்து பார்த்தோம். வடை வந்தது, தேத்தண்ணி வந்தது. அந்த முதலாம் வருடப் பெடியன் நான்காம் கால் மணியில் தேறிவிட்டான். நாங்கள் நான்கு புள்ளி முன்னுக்கு. ஆம், அதற்குள் நான் 'நாங்கள்' என்று சொல்லத் தொடங்கியிருந்தேன். ஒரு நிமிடம்கூட மிச்சம் இல்லை. நான் அவருடைய கையைப் பிடித்துக்கொண்டு, நல்ல தெளிவான ஆங்கிலத்தில், "வெண்டிட்டம்," என்றேன்.

அடுத்த எறியில் பந்து மைதானத்தின் பாதி தூரம் பறந்தது. மற்ற அணியில் ஒருவன் அதைத் தலைக்கு மேலால் பிடித்து ஓடி முடித்துவிட்டான், அதற்கு ஆறு புள்ளி. பிறகு அவர்கள் உதைத்ததும் சரியாகப் போனது, அதற்கு ஒன்று. மூன்று புள்ளியால் தோல்வி.

சம்பந்தி அம்மா மெதுவாக என் கையிலிருந்து தன் கையை எடுத்தார். ரீவியில் யாரோ ஒரு பயிற்சியாளரின் தலையில் ஒரு வாளி சோஸ் ஊற்றினார்கள். எங்கள் பயிற்சியாளர் அல்ல. நான் மன்னிப்புக் கேட்டேன். அவர் போர்வையை மடித்து மடியில் வைத்தார். குசினிக்குள்ளிருந்து பெடியனும் மகளும் எட்டிப் பார்த்துவிட்டுத் தலையை உள்ளே இழுத்துக்கொண்டார்கள்.

கடைசியில் அவருக்குச் சிரிப்பு வந்தது. தோள் குலுங்கக் குலுங்கச் சிரித்தார். "ஆறு வெற்றி, ஏழு தோல்வி," என்றார். "இனி இதைத் தோய்க்கலாம்."

அந்த நேரம் பார்த்து கராஜில் மெசின் உறுமியது. இரண்டு ஆண்களும் முகமெல்லாம் எஞ்சின் ஒயிலோடு உள்ளே வந்தார்கள். மனுசன் என் காதுக்குள் கேட்டார்.

"கலியாணக் கதை ஒண்டும் எடுக்கேல்லைத்தானே?"

"இல்லையப்பா," என்றேன்.

தை பிறந்த அன்று காலையில் நான் எடுக்க முதல் அங்கிருந்தே போன் வந்தது. சம்பந்தி அம்மா நாள் குறிக்க ஆயத்தமாக இருந்தார். செப்ரெம்பர் தொடங்கி நவம்பர் முடியும் வரைக்கும் எந்தச் சனிக்கிழமையும் வேண்டாம், டிசெம்பர் கிண்ண மாதம், அதைத் தொடவே கூடாது என்றார். நான் ஐயரிடம் போனேன். அவர் ஆடி கூடாது, புரட்டாதி கூடாது, மார்கழி கூடவே கூடாது என்று சொல்லிக்கொண்டு போக, நான் இந்தச் சனிக்கிழமைகளையும் சேர்த்துச் சொன்னேன்.

"மாப்பிள்ளை பக்கம் வெள்ளைக்காரர் எண்டெல்லோ சொன்னனீங்கள்," என்றார் ஐயர். "அவையளும் பஞ்சாங்கம் பாக்கினமோ?"

"ஓம் ஐயா. எங்களிலும் கடுமையாப் பாக்கினம்."

வைகாசியில் ஒரு ஞாயிற்றுக்கிழமை முகூர்த்தம் கிடைத்தது. கலியாணம் மார்க்கம் பக்கத்து மண்டபம் ஒன்றில் நடந்தது. அன்று விடியத் தொடங்கிய மழை பின்னேரம் வரைக்கும் விடவில்லை; கார் தரிப்பிடத்திலிருந்து சேலையைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு ஓடி வந்தவர்களை, சம்பந்தி வாசலில் பெரிய குடையோடு நின்று ஒவ்வொருவராகக் கூட்டிக்கொண்டு வந்தார். சம்பந்தி அம்மா எங்கள் நாதஸ்வரக்காரருக்குப் பக்கத்தில் கதிரை போட்டு இருந்து, அவர் மூச்சு எங்கே எடுக்கிறார் என்று கண்டுபிடிக்கப் பார்த்தார். மகள் கூறைச் சேலை உடுத்து வரும் வரைக்கும் அந்த இடத்தை விட்டு எழும்பவே இல்லை.